எத்தனை மணிக்கு விரல் மடங்கும்?

(திண்டிவனத்தில் நிகழ்த்தப்பெற்ற அறக்கட்டளைச் சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



தமிழாசிரியர் ஒருவரின் நினைவாக அமைந்த அறக்கட்டளை இது. எனக்கு முன் இங்கே பேசியவர்கள் எல்லாரும் இலக்கியம் பேசினார்கள். என்னை அழைத்தபோது, "மருந்துச் சீட்டைத் தவிர நான் வேறெதுவும் எழுதியவனில்லையே" என்றேன். "அதைத்தான் சார் யாராலும் படிக்க முடியவில்லை, வந்து வாசித்துக் காட்டிவிட்டுப் போங்கள்" என்றார் அமைப்பாளர். ஆகவே இன்றைக்கு ஒரு மருந்துச் சீட்டைத்தான் வாசிக்கப்போகிறேன். அதில் இரண்டே மாத்திரைகள். ஆனால் அதற்கு முன்னால் கொஞ்சம் மல்லாட்டை.

தெற்கே நிலக்கடலை என்பார்கள், நமக்கு மல்லாட்டை. இந்த ஊர் எண்ணெய்வித்து ஆராய்ச்சி நிலையத்தில் பிறந்த இரகங்கள் எல்லாம் டி.எம்.வி. என்று தொடங்கும். அந்த மூன்றெழுத்து திண்டிவனத்தின் சுருக்கம் என்பது இங்குள்ள பல பிள்ளைகளுக்கே தெரியாது. விதைக்கு எடுத்துவைக்கும் மல்லாட்டையைக் கையால்தான் உடைக்க வேண்டும். இயந்திரத்தில் போட்டால் பருப்பு அடிபடும். பெருவிரலும் ஆள்காட்டி விரலும் கூடி ஒரு நாளைக்கு ஆயிரக்கணக்கான தடவை நெரிக்கிற வேலை. பெண்கள் வட்டமாக உட்கார்ந்து பேசிக்கொண்டே உடைப்பார்கள். அளந்துதான் கூலி.

மயிலம் பக்கத்து ஊர் ஒன்றிலிருந்து ஓர் அம்மா என்னிடம் வந்தார். பெயர் வேண்டாம். வயது முப்பதைத் தாண்டியிருக்கும், இடுப்பில் கைக்குழந்தை. "சார், எல்லாரும் ஒரு மரக்கா ஒடச்சி முடிக்கிற வரைக்கும் நான் கைய மடியில வச்சிக்கினு உக்காந்திருக்கேன். ஒம்பது மணிக்கு மேலதான் வெரலு மடங்குது. ராத்திரி யாரோ வெரலுக்குள்ள கஞ்சி ஊத்திக் காயவச்ச மாதிரி இருக்கு" என்றார். ஐந்து மணிக்கு எழுகிறவர். ஐந்திலிருந்து ஒன்பது. அந்த நான்கு மணி நேரத்தில்தான் நோயின் பெயரே இருந்தது. எனக்கு அன்று அது கேட்கவில்லை.

ஏன் கேட்கவில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். 2006ஆம் ஆண்டு நினைவிருக்கிறதா? சிக்குன்குனியா. தமிழ்நாடு முழுவதும் தெருத்தெருவாக மக்கள் குனிந்தபடி நடந்தார்கள். அந்தக் காய்ச்சல் போன பிறகும் மாதக்கணக்கில் மூட்டுவலி நின்றது. எங்கள் வெளிநோயாளர் வரிசையில் பத்துப் பேர் நின்றால் பாதிப்பேருக்கு மேல் அதுதான். பதினோராவது ஆளாக வந்த இந்த அம்மாவுக்கும் நான் அதையே எழுதினேன்: சிக்குன்குனியாவின் பின்வலி, வலி மாத்திரை, ஓய்வு. வீட்டில் மாமியார் வேறு காரணம் வைத்திருந்தார்: "பச்ச ஒடம்புல தண்ணியில கை வச்சா, அதான்." பிரசவம் முடிந்து மூன்றாம் மாதம் தொடங்கிய வலி அது. நான் சிரித்துக்கொண்டேன். எட்டு மாதம் கழித்து எடுத்த எக்ஸ்ரேயில் விரல் எலும்பின் ஓரம் கரையான் அரித்த சட்டம் போலிருந்தது. அரிபட்ட எலும்பு திரும்ப வளராது. அது முடக்குவாதம், ஆங்கில மருத்துவச் சீட்டில் ருமட்டாய்டு ஆர்த்ரைடிஸ் என்று இருக்கும்.

மாமியார் சொன்ன காரணம் தவறு. நான் சொன்னதும் தவறு. ஆனால் மாமியார் போட்ட காலக்கணக்கு சரி. அதற்கு மருத்துவத்தில் இடமுண்டு, பிறகு வருகிறேன்.

முடக்குவாதம் தன்னுடல் தாக்கும் நோய்களில் ஒன்று. ஆட்டோஇம்யூன் என்று உங்கள் ரிப்போர்ட்டில் பார்த்திருப்பீர்கள். கிருமியை அடிப்பதற்காக உடல் வைத்திருக்கும் படை, தன் உறுப்பையே அடிக்கிற நோய்கள். இந்தக் குடும்பம் பெரிது. தைராய்டு சுரப்பியை அடித்தால் ஹாஷிமோட்டோ அல்லது கிரேவ்ஸ். கணையத்தில் இன்சுலின் சுரக்கும் செல்களை அடித்தால் பிள்ளைகளுக்கு வருகிற முதல்வகைச் சர்க்கரை. தோலின் நிறமிச் செல்களை அடித்தால் வெண்புள்ளி. வெண்குஷ்டம் என்று தயவுசெய்து சொல்லாதீர்கள், தொழுநோய்க்கும் அதற்கும் எந்த உறவும் இல்லை, தொட்டால் ஒட்டாது. நரம்பு தசையைத் தொடும் இடத்தை அடித்தால் மயஸ்தீனியா. மாலையானால் இமை தானாக இறங்கும். எல்லாவற்றையும் அடித்தால் லூபஸ். இப்படி எண்பதுக்கு மேல் உண்டு. நான் பட்டியல் வாசிக்க வரவில்லை.

இதை விளக்க எல்லாரும் எடுத்துக்கொள்ளும் பழமொழி, வேலியே பயிரை மேய்ந்தது. எனக்கு அது பிடிக்காது. மேய்கிற வேலிக்குப் பசி இருக்கிறது, துரோகம் இருக்கிறது. இங்கே அப்படி எதுவும் இல்லை. இங்கே நடப்பது ஆளை அடையாளம் தெரியாமல் போவது. திருடனைத் துரத்திக்கொண்டு இருட்டில் ஓடிய ஊர்க்காவல்காரர், அதே நிறத்தில் துண்டு போட்டிருந்த அண்ணனை அடித்துவிடுவதைப் போல. அடி என்னவோ நேர்மையான அடிதான்.

மிகத் தெளிவான சாட்சி ருமாட்டிக் காய்ச்சல். பள்ளிப் பிள்ளைக்குத் தொண்டையில் ஸ்ட்ரெப்டோகாக்கஸ் என்ற கிருமி வருகிறது. உடல் அதை அடிக்கப் படை திரட்டுகிறது. அந்தக் கிருமியின் மேலுறைப் புரதத்துக்கும் இதயத் தசையில் உள்ள ஒரு புரதத்துக்கும் முகச்சாயல் ஒன்று. தொண்டை ஆறி இரண்டு மூன்று வாரம் கழித்து முழங்கால் வீங்குகிறது, அதுவும் தானாக அடங்குகிறது, வீட்டார் மறந்துவிடுகிறார்கள். பத்தாண்டு கழித்து, வயல் வரப்பில் நடக்கையில் மூச்சு வாங்குகிறது என்று வந்தால், இதய வால்வு சுருங்கியிருக்கும். தொண்டைப் புண்ணுக்கு ஒழுங்காகப் பென்சிலின் கொடுத்திருந்தால் வந்திருக்காது. ருமாட்டிக், ருமட்டாய்டு என்று பெயர் ஒத்துப்போவதால் ஒரு குழப்பம் உண்டு: மூட்டுவலி என்று வரும் நாற்பது வயதுக்காரருக்கெல்லாம், ஸ்ட்ரெப்டோகாக்கஸ் வந்துபோன தடயத்தைப் பார்க்கும் ஏ.எஸ்.ஓ. பரிசோதனை செய்து, அளவு கொஞ்சம் கூடினால் ஆண்டுக்கணக்கில் பென்சிலின் ஊசி போடுகிறவர்கள் இன்னமும் இருக்கிறார்கள். அந்த ஊசி முடக்குவாதத்தை எதுவும் செய்யாது.

உடல் தன்னையே தாக்கும் என்பதை அறிவியல் லேசில் ஒப்புக்கொள்ளவில்லை. ஜெர்மானிய அறிஞர் பவுல் எர்லிக் 1901 வாக்கில், தன்னையே நஞ்சாக்கிக்கொள்வதை உடல் அஞ்சி விலக்கும் என்று எழுதினார். ஹாரர் ஆட்டோடாக்சிகஸ் என்பது அவர் வைத்த பெயர். அவர் சொன்னதை நிதானமாகப் படித்தால், அப்படி ஒரு தாக்குதல் பிறக்கவே முடியாது என்று அவர் சொல்லவில்லை; உடல் அதைத் தடுக்க வழி வைத்திருக்கும் என்றுதான் சொன்னார். ஆனால் பெரியவர் சொன்னதைச் சீடர்கள் இன்னும் இறுக்கிக் கட்டிவிட்டார்கள். 1904இலேயே டோனத்தும் லேண்ட்ஸ்டைனரும், குளிர் பட்டால் தன் இரத்த அணுக்களையே உடைக்கும் எதிர்ப்பொருளைக் காட்டினார்கள். கவனிப்பாரில்லை. அரை நூற்றாண்டு போயிற்று. 1956இல் லண்டனில் டெபோரா டோனியாக், ஐவன் ராய்ட் குழுவினர், ஹாஷிமோட்டோ நோயாளிகளின் இரத்தத்தில் அவர்களுடைய தைராய்டையே எதிர்க்கும் பொருள் இருப்பதைக் காட்டினார்கள். அதே ஆண்டில் அமெரிக்காவில் ரோஸும் விட்டெப்ஸ்கியும் முயலுக்கு அதே நோயை உண்டாக்கிக் காட்டினார்கள். கதவு திறந்தது அப்போதுதான். அதாவது உங்கள் பாட்டி இந்த முடக்குவாதத்தைச் சரவாங்கி என்று சொல்லிக்கொண்டு படுத்திருந்த காலத்தில், அது என்ன நோய் என்று உலகத்துக்கே தெரியாது.

எர்லிக் சொன்ன அந்தத் தடுப்பு வழி எங்கே இருக்கிறது? நெஞ்செலும்புக்குப் பின்னால் தைமஸ் என்றொரு சுரப்பி. அதைப் பள்ளிக்கூடம் என்று பாடநூல்களில் எழுதுவார்கள். தேர்வுக்கூடம் என்பதே பொருந்தும். அந்தப் படையைச் சேர்ந்த டி செல்கள் அங்கே போய்த் தேர்வு எழுதுகின்றன. சொந்த உடலின் புரதத்தைக் கண்டு சீறுகிற செல் அங்கேயே சாக வேண்டும். நுழைகிறவற்றில் மிகப் பெரும்பாலானவை வெளியே வருவதில்லை. இவ்வளவு கறாரான தேர்விலும் சில தப்பி வந்துவிடுகின்றன. நம் எல்லார் உடலிலும் அவை சுற்றிக்கொண்டிருக்கின்றன. அவற்றைத் தோளில் கைபோட்டு நிறுத்திவைக்கத் தனியாக ஒரு கூட்டம் இருக்கிறது என்று ஜப்பானின் ஷிமோன் சகாகுச்சி 1995இல் எழுதினார். பலர் நம்பவில்லை. தோல் செதில் செதிலாக உரிந்து சாகிற ஓர் எலியினத்தை ஆராய்ந்த மேரி பிரங்கோவும் ஃபிரெட் ராம்ஸ்டெலும், 2001இல் அதற்கான மரபணுவைக் கண்டார்கள். அந்த மரபணுதான் சகாகுச்சி சொன்ன கூட்டத்தை உருவாக்குகிறது என்பது பிறகு தெளிந்தது. மூவருக்கும் 2025இல் மருத்துவ நோபல் கிடைத்தது.

இதனால் நமக்கு என்ன என்றால், "எதிர்ப்பு சக்தியைக் கூட்டுங்கள்" என்று கொரோனாக் காலத்திலிருந்து சுவரெல்லாம் எழுதியிருக்கிறதே, அதை இந்த நோயாளிகள் நம்பி ஏமாறக்கூடாது. அவர்களுடைய படைக்கு வீரம் குறையவில்லை. நிறுத்து என்று சொல்ல ஆள் போதவில்லை.

நோய் யாருக்கு வரும்? மரபணுவுக்குப் பங்குண்டு, ஆனால் முழுப்பங்கு இல்லை. ஒரே கருவில் பிறந்த இரட்டையரில் ஒருவருக்கு முடக்குவாதம் இருந்தால் மற்றவருக்கும் வருவது நூற்றுக்குப் பதினைந்து அளவில்தான். புகை ஒரு காரணம். பீடி, சிகரெட் குடிப்பவருக்கு வாய்ப்புக் கூடுகிறது. ஈறு நோய்க்கும் தொடர்பு காட்டியிருக்கிறார்கள். பழைய சோறும் கத்தரிக்காயும் காரணமில்லை. பெண்களுக்கு ஆண்களைவிட மூன்று மடங்கு வருகிறது. எத்தனை பேருக்கு என்றால், டாக்டர் மாளவியா குழுவினர் டெல்லிக்குப் பக்கத்துக் கிராமங்களில் வீடு வீடாகப் பார்த்து 1993இல் வெளியிட்ட கணக்கு: பெரியவர்களில் 0.75 சதவீதம். கள்ளக்குறிச்சி பிரிந்தபின் நம் விழுப்புரம் மாவட்டத்தில் ஏறக்குறைய இருபது லட்சம் பேர். பெரியவர்கள் பதினான்கு லட்சம் என்று வைத்தால், அதே விகிதத்தில் பத்தாயிரம் பேர் வருகிறார்கள். இது என் மனக்கணக்குதான். ஆனால் பத்தாயிரம் பேர் விரல் மடங்காமல் விழிக்கிறார்கள் என்று எண்ணிக்கொண்டு திண்டிவனம் பேருந்து நிலையத்தில் ஒரு காலை நின்று பாருங்கள். ஐந்தாறு பேரையாவது உங்களால் அடையாளம் காண முடியும்.

இப்போது மாமியார் கணக்குக்கு வருகிறேன். கர்ப்பத்தில் தாயின் உடல் ஒரு பெரிய சலுகை செய்கிறது. பாதி அயலான ஓர் உயிரை அடிக்காமல் பத்து மாதம் வைத்துக்கொள்ள வேண்டும். அதற்காகப் படையைச் சற்றே அடக்கிவைக்கிறது. அதனால் முடக்குவாதம் உள்ள பல பெண்களுக்குக் கர்ப்பத்தில் வலி குறைகிறது. பிரசவம் ஆனதும் அடக்கம் விலகுகிறது. அடுத்த சில மாதங்களில் பழைய நோய் திரும்புகிறது, அல்லது புதிதாக முளைக்கிறது. அந்த நேரத்தில்தான் நம் வீடுகளில் பிள்ளை பெற்றவள் துணி அலசத் தொடங்குகிறாள். தண்ணீரில் கை வைத்ததும் வலி வந்ததும் ஒரே வாரம். பழி தண்ணீர்மேல் விழுந்தது. அந்த அம்மா பின்னொரு நாள் சொன்னார்: "வளகாப்புக்கு வளையல்காரரு கைய அமுக்கிப் போட்டப்போ ஒண்ணுமே தெரியல சார். புள்ள பொறந்து மூணாம் மாசம் கோயில் திருவிழாவுல அதே ஆளு கையப் புடிச்சாரு, உசுரு போச்சு." விரல் முட்டிகளைப் பக்கவாட்டில் அழுத்திப் பார்ப்பது இந்த நோய்க்கு நாங்கள் செய்யும் சோதனை. என்னைவிட எட்டு மாதம் முன்னால் வளையல்காரர் அதைச் செய்துவிட்டார்.

மாமியார் கவனித்ததை அமெரிக்காவில் மயோ மருத்துவமனையின் பிலிப் ஹென்ச்சும் கவனித்தார். 1929இல், மஞ்சள்காமாலை வந்த ஒரு மூட்டுநோயாளிக்கு வலி குறைந்ததைக் கண்டார். கர்ப்பத்திலும் அப்படியே என்று கண்டார். உடலே சுரக்கும் ஏதோ ஒன்று இந்த நோயைத் தணிக்கிறது என்று முடிவுகட்டி, அதைத் தேடி இருபது ஆண்டு அலைந்தார். கடைசியில் கெண்டல் என்பவர் பிரித்தெடுத்திருந்த கார்டிசோன் என்ற சுரப்பு கிடைத்தது. 1948 செப்டம்பரில், படுக்கையை விட்டு எழ முடியாதிருந்த 29 வயதுப் பெண்ணுக்கு ஊசி போட்டார்கள். ஒரு வாரத்துக்குள் அவர் நடந்து கடைத்தெருவுக்குப் போனார். 1950இல் ஹென்ச், கெண்டல், இதே சுரப்பை ஆராய்ந்த ரைக்ஸ்டைன் மூவருக்கும் நோபல் பரிசு.

அந்தக் கார்டிசோனின் பிள்ளைகள்தான் ஸ்டீராய்டு. நல்ல மருந்து. லூபஸ் சிறுநீரகத்தைத் தாக்கும்போது உயிரைக் காப்பாற்றுகிற மருந்து. அது இப்போது எங்கே இருக்கிறது தெரியுமா? வலி என்று சொன்னால், சீட்டு இல்லாமலே சில கடைகளில் தாளில் மடித்துத் தரும் 'செட்' மாத்திரையில் இருக்கிறது. மூன்று நிறத்தில் மூன்று மாத்திரை. அதில் ஒன்று பெரும்பாலும் ஸ்டீராய்டு. அன்று மாலையே வலி போய்விடும். ஆகவே அந்தக் கடைக்காரர் கைராசிக்காரர். ஆறு மாதத்தில் முகம் பூரிக்கிறது, சர்க்கரை ஏறுகிறது, எலும்பு தேய்கிறது. வலி மட்டும் மூடியிருக்க, உள்ளே மூட்டின் மென்சவ்வு கம்பளிபோலத் தடித்து எலும்பை அரித்துக்கொண்டே இருக்கிறது. பயந்துபோய் ஒரே நாளில் நிறுத்தினால் அதுவும் ஆபத்து. உடலின் சொந்தச் சுரப்பு தூங்கிப்போயிருக்கும், மயங்கி விழுவார்கள். என்னுடைய அந்த அம்மாவும், நான் தவறவிட்ட எட்டு மாதத்தில் நான்கு மாதம் இதைத்தான் தின்றார். எனக்கு அவரைக் கடிய என்ன உரிமை?

இனி அந்த மருந்துச் சீட்டு. இரண்டு மாத்திரை என்றேன். ஒன்று மஞ்சள் நிறத்து மெதோட்ரெக்ஸேட், வாரத்துக்கு ஒரு நாள். மற்றொன்று ஃபோலிக் அமிலம், வேறு நாளில். இரண்டும் உறவுக்காரர்கள், சொல்லப்போனால் பங்காளிகள். இந்தப் பங்காளிக் கதையில் சென்னைக்கும் குன்னூருக்கும் இடம் இருக்கிறது.

லூசி வில்ஸ் என்ற ஆங்கிலேயப் பெண் மருத்துவர் 1928இல் பம்பாய்க்கு வந்தார். ஆலைத் தொழிலாளர் வீட்டுக் கர்ப்பிணிகள் ஒருவகைச் சோகையால் இறந்துகொண்டிருந்தார்கள். குன்னூர் பாஸ்டர் நிறுவனத்திலும் சென்னை கோஷா ஆஸ்பத்திரியிலும்கூட அவர் இந்த ஆராய்ச்சிக்காக வேலை செய்தார். ஈஸ்ட் சாற்றில் உள்ள ஏதோ ஒன்று அந்தச் சோகையைத் தீர்க்கிறது என்று 1931இல் எழுதினார். அந்த ஏதோ ஒன்றுதான் ஃபோலிக் அமிலம். கீரையிலிருந்து பிரித்தபோது, இலையைக் குறிக்கும் லத்தீன் சொல்லால் பெயரிட்டார்கள்.

அதை ஆய்வகத்தில் செய்துகாட்டிய குழுவின் தலைவர் எல்லாப்பிரகட சுப்பாராவ். பீமவரத்தில் பிறந்து சென்னை மருத்துவக் கல்லூரியில் படித்தவர். கதர் உடுத்திக்கொண்டு அறுவைக்கூடத்துக்கு வந்ததில் ஆங்கிலேயப் பேராசிரியர் சினந்தார் என்றும், அதனால் முழுப்பட்டம் கிடைக்காமல் எல்.எம்.எஸ். மட்டும் கிடைத்தது என்றும் சொல்வார்கள். சென்னையில் ஆயுர்வேதக் கல்லூரியில் உடற்கூற்றியல் சொல்லிக்கொடுத்தார். அவருடைய சகோதரர்கள் இருவர் சில நாள் இடைவெளியில் ஸ்ப்ரூ என்ற குடல்நோயில் இறந்தார்கள். அமெரிக்கா போய், லெடர்லி ஆய்வகத்தில் அவர் குழு 1945இல் உருவாக்கிய ஃபோலிக் அமிலம், அந்த ஸ்ப்ரூவையே தீர்க்கிற மருந்தானது. பிறகு பாஸ்டனில் சிட்னி ஃபார்பர், இரத்தப் புற்றுநோய்ப் பிள்ளைகளுக்கு ஃபோலிக் அமிலம் புற்றை வளர்ப்பதைக் கண்டு, அதற்கு எதிர்ப்பொருள் வேண்டும் என்று கேட்டார். சுப்பாராவின் குழு அமினோப்டரினைத் தந்தது, பிறகு மெதோட்ரெக்ஸேட்டை. பார்ப்பதற்கு ஃபோலிக் அமிலம் போலவே இருக்கும். செல் நம்பி எடுத்துக்கொண்டு பெருக முடியாமல் திகைக்கும். இங்கேயும் ஆள்மாறாட்டம்தான், இந்தத் தடவை நமக்குச் சாதகமாக. 1951இல் குப்னர் என்பவர் அமினோப்டரினை மூட்டுநோயாளிகளுக்குக் கொடுத்துப் பார்த்தார். கார்டிசோன் மோகத்தில் யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. முடக்குவாதத்துக்கு மெதோட்ரெக்ஸேட்டை அமெரிக்க அரசு ஏற்றது 1988இல். சுப்பாராவ் 1948லேயே இறந்துவிட்டார். தன் மருந்து விரல்களை மடக்கும் என்று அவருக்குத் தெரியாது.

இன்று முடக்குவாதத்துக்கு உலகம் முழுவதும் முதல் மருந்து இதுதான். பஞ்சாபில் பிறந்த ரவீந்தர் மைனி லண்டனில் ஃபெல்ட்மன் என்பவரோடு சேர்ந்து கண்ட, அழற்சியைத் தூண்டும் டி.என்.எஃப். என்ற பொருளைத் தடுக்கும் ஊசிகள் உண்டு. விலை அதிகம், நம் நாட்டில் உறங்கிக்கிடக்கும் காசநோயை எழுப்பிவிடும் ஆபத்தும் உண்டு. அவை தேவைப்படுகிறவர்களுக்கு வேண்டியதுதான். ஆனால் பெரும்பாலோர் தொடங்க வேண்டிய இடம் சில ரூபாய் மாத்திரை.

அந்தச் சில ரூபாய் மாத்திரையில் ஓர் எமன் இருக்கிறான். வாரம் ஒருமுறை என்று எழுதியதை, நம் மக்கள் தினம் ஒன்று என்று சாப்பிட்டுவிடுகிறார்கள். சர்க்கரைக்குத் தினம், பிரஷருக்குத் தினம், இதற்கு மட்டும் ஏன் வாரம் என்று நினைப்பது இயல்பே. பத்துப் பதினைந்து நாளில் வாயெல்லாம் புண், சோறு இறங்காது, இரத்த அணுக்கள் சரியும், உயிரே போகும். நான் சீட்டில் கிழமையைத் தமிழில் எழுதுவேன். அந்த அம்மா தன் ஊர்ச் சந்தை நாளைத் தேர்ந்துகொண்டார். "சந்தைக்குப் போயி வந்தா மாத்திர, போகலன்னா இல்ல" என்று கணக்கு. பெயரளவில் படித்த எந்த ஆளையும்விட ஒழுங்காகச் சாப்பிடுகிறார். இன்னொன்று: பிள்ளைக்குத் திட்டமிடும் பெண்கள் இதைச் சாப்பிடக்கூடாது, கரு சிதையும், மருத்துவரிடம் முன்கூட்டியே சொல்லி மாற்று வாங்க வேண்டும், மாற்று இருக்கிறது. மது கூடாது. சில வாரத்துக்கு ஒருமுறை இரத்தப் பரிசோதனை தவறக்கூடாது. தைலம் தேய்ப்பதை நான் தடுப்பதில்லை, இதமாக இருக்கும். எலும்பு அரிப்பதை அது நிறுத்தாது என்று மட்டும் சொல்லிவிடுவேன்.

லூபஸ் பற்றி ஒரு வார்த்தை, இங்கே இளம்பெண்கள் நிறைய இருப்பதால். பத்து நோயாளிகளில் ஒன்பது பேர் பெண்கள், பெரும்பாலும் பிள்ளை பெறும் வயதில். வெயிலில் போனால் கன்னத்திலும் மூக்கின் மேலும் சிவப்புப் படரும். கறுத்த முகத்தில் அது சிவப்பாகத் தெரியாது, கருமையாகத் தெரியும், மங்கு என்று விட்டுவிடுவார்கள். ஓயாத காய்ச்சல், வலிக்காத வாய்ப்புண், கொத்தாக முடி உதிர்வது, மூட்டுவலி. சிறுநீர் நுரைத்தால் தாமதிக்கவே கூடாது. சிலருக்கு அதோடு சேர்ந்தோ தனியாகவோ இரத்தம் உறையும் குணம் வந்து, கரு மறுபடி மறுபடி கலைகிறது. அதற்கு ஆஸ்பிரினும் ஹெப்பாரின் ஊசியும் இருக்கின்றன. இது தெரியாமல் "பிள்ளை தங்காதவள்" என்று பெயர் வாங்கிய பெண்கள் எத்தனை பேரோ. லூபஸ்காரர்கள் நெடுநாள் சாப்பிடும் ஹைட்ராக்ஸிகுளோரோகுயின், 2020இல் கொரோனாவுக்கு மருந்து என்று கிளம்பிய புரளியில் கடைகளில் தீர்ந்துபோனது. கொரோனாவுக்கு அது உதவவில்லை. ஆனால் அந்த மாதங்களில் பத்து மாத்திரைக்காகத் திண்டிவனத்திலிருந்து விழுப்புரம், விழுப்புரத்திலிருந்து புதுச்சேரி என்று அலைந்த பெண்களை நான் பார்த்தேன்.

எங்கே போவது என்று கேட்பீர்கள். விழுப்புரம் பக்கத்து முண்டியம்பாக்கத்தில் 2010 முதல் அரசு மருத்துவக் கல்லூரி இருக்கிறது. திண்டிவனத்திலிருந்து கிளியனூர் வழியாகப் போகும் புதுச்சேரிப் பேருந்து கோரிமேட்டில் ஜிப்மர் வாசலருகே நிற்கும். அங்கே இந்த நோய்களுக்கென்றே தனித்துறை உண்டு. ஆனால் அங்கே போய்ச் சேருவதற்கு முன் இழக்கிற மாதங்கள் கோரிமேட்டில் இழப்பதல்ல, நம் ஊரில் இழப்பவை. முதல் மூன்று முதல் ஆறு மாதத்துக்குள் மருந்து தொடங்கினால் மூட்டைக் காக்கலாம். அதற்கு ஸ்கேன்கூட வேண்டாம். இரத்தப் பரிசோதனையில் ஆர்.ஏ. ஃபேக்டர் நெகட்டிவ் என்று வந்தாலும் நோய் இருக்கலாம், பாசிட்டிவ் என்று வந்தாலும் இல்லாமலிருக்கலாம். தொழுநோயிலும் காசநோயிலும்கூட அது பாசிட்டிவ் காட்டும். கேள்விதான் முதல் பரிசோதனை. காலையில் எழுந்தபின் விரல் மடங்க எவ்வளவு நேரம்? அரைமணிக்குள் என்றால் பெரும்பாலும் தேய்மானம். ஒரு மணி நேரத்துக்கு மேல், இரண்டு கையிலும், ஆறு வாரமாக என்றால் அன்றே மருத்துவரிடம் அனுப்புங்கள். தேய்மான வலி வேலை செய்தால் கூடும். முடக்குவாத வலி வேலை செய்தால் விடும், உட்கார்ந்தால் பிடிக்கும்.

'மக்களைத் தேடி மருத்துவம்' திட்டத்தில் வீட்டுக்கு வரும் சகோதரிகள் சர்க்கரை பார்க்கிறார்கள், பிரஷர் பார்க்கிறார்கள். அவர்கள் குறிப்பேட்டில் இந்த ஒரு கேள்வியைச் சேர்க்கச் சொல்லி எழுதவேண்டும் என்பது என் ஆசை. செலவு ஒரு வரி மை.

நேரம் ஆயிற்று என்று அவைத்தலைவர் கடிகாரத்தைப் பார்க்கிறார். கூட்டம் முடிந்ததும் அரைமணி நேரம் வெளித் தாழ்வாரத்தில் உட்கார்ந்திருப்பேன். விரல் காட்ட வேண்டியவர்கள் வரலாம். ஆண்களே, உங்கள் விரலைக் காட்டுவதற்கு முன், இன்று வீட்டில் காபி போட்டுக் கொடுத்தவர் டம்ளரை ஒரு கையால் பிடித்தாரா, இரண்டு கையால் பிடித்தாரா என்று யோசித்துவிட்டு வாருங்கள்.